ஆறாவதில் வராத சத்தம்

பேய், ஆவி எதிலும் எனக்கு நம்பிக்கை கிடையாது. அன்றைக்கும் இல்லை, இன்றைக்கும் இல்லை. நான் ரேடியோ ரிப்பேர் பார்த்து வளர்ந்தவன். சத்தம் வரவில்லை என்றால் எங்கேயோ ஒயர் விட்டிருக்கும், இல்லை உள்ளே ஏதோ ஒன்று செத்திருக்கும். தேடினால் கிடைக்கும். கிடைக்கவில்லை என்றால் சரியாகத் தேடவில்லை என்று அர்த்தம். அப்படிப்பட்டவன் சொல்கிறேன். நம்புவதும் நம்பாததும் உங்கள் இஷ்டம். இது நடந்தது ராத்திரியில் இல்லை, சுடுகாட்டுப் பக்கம் இல்லை. திருப்பதியில், பட்டப்பகலில், கீழே பஸ்காரன் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தபோது நடந்தது.

என் பெயர் எத்திராஜ். ஊர் குடிபாலா, ஆந்திராவில் சித்தூர் பக்கம். படிப்பு ஏழாவதோடு நின்றது, அதுவும் தெலுங்கில். தமிழ் எழுத்து வேலூர் பஸ் போர்டு பார்த்துக் கற்றுக்கொண்டது. தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு ஒரே அக்கா, வசந்தா. அக்கா புருஷன் தனபால். நான் மாமா என்று கூப்பிடுவேன். மாமா சித்தூரில் ஓர் ஆர்க்கெஸ்ட்ராவில் கீபோர்டு வாசித்தார். கல்யாணம், கோயில் ஜாத்திரை, எங்கே கூப்பிட்டாலும் போவார்கள். அவர் கீபோர்டு இப்போது கடையில் விற்கிற பிளாஸ்டிக் சாமான் இல்லை. பழைய சிந்தசைசர். இரண்டு பக்கமும் மரப்பலகை, ஓர் ஆள் தனியாகத் தூக்க முடியாது. வெளிநாட்டுச் சாமான்கள் கடைகளுக்கு வரத் தொடங்கிய சமயம், மெட்ராஸில் ஒரு சினிமா வாசிப்புக்காரர் புதிது வாங்கிக்கொண்டு பழசைத் தள்ளிவிட்டார். மாமா அதை வாங்கி வந்தார்.

அந்த மிஷினைப் பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். இது புரிந்தால் மற்றதெல்லாம் புரியும். அதற்குள் குரல் மாதிரி ஆறு சர்க்யூட் இருக்கும். முதல் தடவை எந்தக் கட்டையை அமுக்கினாலும் முதல் குரல் பாடும். அடுத்த அமுக்குக்கு இரண்டாவது. இப்படி ஆறு வரை போய்த் திரும்ப ஒன்றுக்கு வரும். எங்கள் மிஷினில் ஆறாவது குரல் செத்துப்போயிருந்தது. வாங்கும்போதே அப்படித்தான். ஐந்து அமுக்குக்குச் சத்தம் வரும், ஆறாவது அமுக்குக்கு வராது. எந்தக் கட்டையாக இருந்தாலும் அதே கதை.

நான் பிரித்துப் பார்த்தேன். அதில் இருந்த சிப்பைச் செய்வதையே கம்பெனிக்காரன் விட்டுவிட்டான் என்று மெட்ராஸில் சொன்னார்கள். மாமா கவலைப்படவில்லை.

"உட்டுடு எத்திராஜு. அஞ்சு பேரு வேலை செய்றான், ஒருத்தன் தூங்கிக்கினு கீறான். நம்ம ஆர்க்கெஸ்ட்ராவும் அப்பிடித்தானே?" என்றார்.

அவரே ஒரு வழி கண்டுபிடித்தார். வலது கையால் ஐந்து வாசிப்பார். ஆறாவது முறை வருவதற்குள் இடது கைச் சுண்டுவிரலால், இடப்பக்கக் கடைசிக் கட்டையை ஒரு தட்டு தட்டுவார். ஊமைக் குரல் அந்தத் தட்டோடு கழிந்துவிடும். வலது கைக்குத் திரும்ப ஐந்து கிடைக்கும். மூன்று கட்டையைச் சேர்த்து அமுக்கினால் மூன்று எண்ணிக்கை. எவ்வளவு வேகமான பாட்டாக இருந்தாலும் மனசுக்குள் எண்ணிக்கொண்டே வாசிப்பார். சுண்டுவிரலில் செம்பு மோதிரம் போட்டிருப்பார். அது கட்டையில் படும்போது டக் என்று கேட்கும். டிரம்ஸ் அடிக்கிறவன், "இன்னா தனபாலு, அந்தப் பக்கம் ஈ ஓட்றியா?" என்று மேடையிலேயே கிண்டல் செய்வான்.

எண்ணுவதில் மாமாவைவிட அக்கா கெட்டி. முன்வரிசையில் உட்கார்ந்து கட்டைவிரலால் மற்ற விரல்களைத் தொட்டு எண்ணுவாள். மாமா எப்போதாவது தட்டத் தவறினால் வீட்டுக்கு வந்ததும் சொல்லிக்காட்டுவாள். "ரெண்டாவது பாட்டுல கோட்டை உட்டுட்டியே, பாத்துக்கினுதான் இருந்தேன்."

பிறகு சின்னக் கீபோர்டுகள் வந்தன. ஃப்ளாப்பியைப் போட்டால் தபேலா முதல் வயலின் வரை அதுவே வாசிக்கும். பத்துப் பேர் ஏறிய மேடையில் ஒரே ஆள் ஏறினான். ஆர்க்கெஸ்ட்ரா கலைந்தது. அப்போது எங்கள் பக்கம் வீட்டுக்கு ஒருத்தராகக் குவைத் போய்க்கொண்டிருந்தார்கள். மாமாவும் ஓர் ஏஜெண்டைப் பிடித்து டிரைவர் வேலைக்குக் கிளம்பினார். பஸ் ஏறும்போது என்னிடம் சொன்னார், "மிஷின சும்மா போட்டுடாத. மாசத்துக்கு ஒருக்கா கரண்டு குடுத்து வாசி. வந்து அந்த ஆறாவதுக்கு நான் ஒரு வழி பண்றேன்."

இரண்டு வருஷம் கடிதம் வந்தது. வெள்ளிக்கிழமை எஸ்டிடி பூத்துக்கு போன் வந்தது. பிறகு ஒரு வெள்ளிக்கிழமை வரவில்லை. அதற்குப் பிறகு எந்த வெள்ளிக்கிழமையும் வரவில்லை. வேலை செய்த வீட்டை விட்டுப் போய்விட்டார், எங்கே என்று தெரியாது என்று ஏஜெண்டு கையை விரித்தான். எழுதிப் போட்டோம், ஆபீஸ் ஆபீஸாக அலைந்தோம். உயிரோடு இருக்கிறார் என்றும் யாரும் சொல்லவில்லை, செத்தார் என்றும் சொல்லவில்லை. நாலு வருஷம் போயிற்று.

நான் அதற்குள் திருப்பதிக்கு வந்து, பஸ் ஸ்டாண்டு பக்கம் மாடியில் இருந்த ஒரு சின்ன ரெக்கார்டிங் ரூமில் சேர்ந்துவிட்டேன். சாமி பாட்டு சிடி போடுகிற இடம். ஓனர் பாஸ்கர் காரு தெலுங்குக்காரர், தங்கமான மனுஷர். கம்ப்யூட்டர் வேலையை அங்கேதான் கற்றேன்.

நான் மாதாமாதம் குடிபாலா போய் மிஷினுக்குக் கரண்டு கொடுத்துக்கொண்டுதான் இருந்தேன். ஒரு தடவை போட்டதும் தீய்ந்த வாசனை வந்தது. திறந்து பார்த்தேன். பவர் போர்டு கறுத்திருந்தது. அதிக நாள் தாங்காது. அது சாவதற்குள் அதன் சத்தம் முழுவதையும் கம்ப்யூட்டரில் எடுத்து வைத்துவிடுவது என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

சாம்பிள் எடுப்பது என்று சொல்வார்கள். ஒவ்வொரு கட்டையாக அமுக்கி அந்தச் சத்தத்தைத் தனித்தனியாக ரெக்கார்டு செய்ய வேண்டும். பிறகு ஏதாவது ஒரு சாதாக் கீபோர்டை கம்ப்யூட்டரில் மாட்டி, கட்டைக்குக் கட்டை அந்தச் சத்தத்தைப் பொருத்திவிட்டால் போதும். அமுக்கினால் பழைய மிஷின் பாடும்.

பாஸ்கர் காரு சிரித்தார். "எந்துக்கய்யா அந்த கஷ்டம்? ரெடிமேடா சிடில ஒஸ்துந்தி கதா?" என்றார். உண்மைதான். பெயர் வாங்கிய பழைய மிஷின்களின் சத்தம் எல்லாம் சிடியில் வந்துவிட்டது. எங்கள் மாடல்கூட இருந்தது. போட்டுக் கேட்டேன். சுத்தமாக இருந்தது. ஆனால் எங்களுடையதில் ஐந்து குரலும் ஒன்றுக்கொன்று மயிரிழை சுருதி விலகி நிற்கும். ஐந்து பேர் பக்கத்தில் பக்கத்தில் நின்று பாடுகிற மாதிரி இருக்கும். சிடியில் அது இல்லை.

"அது வேற யாரோடயோ மிஷின் சார்," என்றேன்.

மிஷினைப் போர்வையில் சுற்றி பஸ்ஸில் ஏற்றினோம். அக்காவும் வந்தாள். ஒரு பக்கம் நான், ஒரு பக்கம் அவள் பிடித்துக்கொண்டோம். இரண்டு நாள் வேலை. அறுபத்தொரு கட்டை. ஒவ்வொன்றையும் பன்னிரண்டு விநாடி அமுக்கிப் பிடித்தேன். அக்கா எதிரில் உட்கார்ந்து விரலால் எண்ணினாள். ஐந்து முடிந்ததும் கையைத் தூக்குவாள், நான் கடைசிக் கட்டையைத் தட்டி ஊமையைக் கழிப்பேன். ஊமைத் தட்டு எதையும் நான் சேர்த்துக்கொள்ளவில்லை. அழித்துவிட்டேன். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் நாள் சாயங்காலம் அறுபத்தொன்றாவது கட்டையை எடுத்து முடித்து இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை, புகை வந்தது. மிஷின் செத்துவிட்டது.

அக்கா பலகையைத் தடவினாள். "சொன்ன வேலைய முடிச்சிட்டுத்தான் போச்சு," என்றாள்.

அதற்கப்புறம் ஒரு மாதம் அந்தச் சத்தத்தை வைத்து நான்கைந்து பாட்டு வாசித்தேன். எந்தக் குறையும் இல்லை. சாம்பிளில் ஆறு குரல் என்கிற பேச்சே கிடையாது. நூறு தடவை அமுக்கினால் நூறு தடவை வரும். ஒரே ஒரு தொந்தரவுதான். மாதாமாதம் வாசித்த பழக்கத்தில் என் இடது கை தானாகப் போய்க் கடைசிக் கட்டையைத் தட்டிவிடும். இதில் அது ஊமை இல்லையே, பாட்டு நடுவில் பெரிதாக ஒரு கீழ்ச்சத்தம் வந்து டேக்கைக் கெடுக்கும். அதனால் இடது கையை மடியில் வைத்துக்கொள்ளப் பழகினேன். இன்றைக்கும் அப்படித்தான் வாசிக்கிறேன்.

இந்தச் சமயத்தில்தான் குடிபாலாவில் மாமாவைப் பற்றிய பேச்சு முற்றியது. மாமாவின் அண்ணன் ஏகாம்பரத்துக்கு ஒரு பெண், அவளுக்குக் கல்யாணம் பேசியிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார், பெண்ணுடைய சித்தப்பா இருக்கிறாரா இல்லையா, ஒரு முடிவு சொல்லுங்கள், சாவுத் தீட்டு இருக்கிற வீட்டில் எப்படித் தாலி கட்டுவது என்று கேட்டுவிட்டார்கள். ஏகாம்பரம் கெட்டவர் இல்லை. தம்பிக்காக அவரும் அலைந்தவர்தான். உடம்பு கிடைக்காதவனுக்கு வைக்கோலில் உருவம் செய்து எரித்துக் காரியம் முடிக்கிற வழக்கம் எங்களில் உண்டு. அடுத்த வெள்ளிக்கிழமை ஆற்றங்கரையில் செய்துவிடலாம் என்றார். அப்படியென்றால் அன்றைக்கே அக்காவின் பொட்டையும் தாலியையும் எடுத்துவிடுவார்கள்.

அக்கா அவரிடம் சொன்னது ஒன்றுதான். "ஒரே ஒரு சாட்சி காட்டுங்க பெரிய மாமா. அவரு இல்லன்னு தெரிஞ்சா நானே கழட்டிக் குடுத்துட்றேன். வைக்கோலுக்கெல்லாம் கழட்ட மாட்டேன்."

அந்த வெள்ளிக்கிழமைக்கு இரண்டு நாள் முன்னால், புதன்கிழமை மத்தியானம், அவள் திருப்பதிக்கு வந்தாள். நான் யார் பக்கம் என்று கேட்கத்தான் வந்தாள். கேட்கவில்லை. மூலையில் நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். எனக்கு ஒரு பாட்டை முடித்துக் கொடுக்க வேண்டியிருந்தது. மாமா மிஷின் சத்தத்தைத் திறந்து வாசித்தேன்.

ஐந்து வந்தது. ஆறாவது வரவில்லை.

விரல் சரியாகப் படவில்லை என்று நினைத்தேன். திரும்ப வாசித்தேன். ஐந்து வந்தது, ஆறாவது இல்லை. வேறு கட்டைகளில் வாசித்தேன், அப்படியே. பியானோ சத்தத்துக்கு மாற்றினேன். எல்லாம் வந்தது. மாமா சத்தத்துக்குத் திரும்பினால் ஆறாவது இல்லை. ஒயரை மாற்றினேன். கீபோர்டையே மாற்றினேன். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டேன். சிடியில் வைத்திருந்த நகலைப் புதிதாக ஏற்றினேன். திரையில் ஒவ்வொரு அமுக்குக்கும் ஒரு கோடு விழும். ஆறு அமுக்கினால் ஆறு கோடும் விழுந்தது. சத்தம் ஐந்துதான் வந்தது. பாஸ்கர் காரு வந்து தானே அமுக்கிப் பார்த்து, "ஏமய்யா, வைரஸா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

மணி மூன்று ஆயிற்று. அக்கா டீ வாங்கிவரக் கீழே இறங்கினாள். நான் விடவில்லை, வாசித்தேன். ஆறும் வந்தது. ஏழு, எட்டு, பன்னிரண்டு, எல்லாம் வந்தது. அப்பாடா என்று இருந்தது. அவள் டீயோடு உள்ளே வந்தாள். ஆறாவது நின்றுபோனது.

"அக்கா, கொஞ்சம் வெளிய போய் நில்லு," என்றேன்.

"இன்னாடா, நான் இன்னா தீட்டா?"

"போக்கா, சொல்றேன்."

போனாள். எல்லாம் வந்தது. "உள்ள வா." வந்தாள். ஐந்தோடு நின்றது. நாலு தடவை அவளை வெளியே அனுப்பி உள்ளே கூப்பிட்டேன். நாலு தடவையும் அப்படியே நடந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், ஒரு தடவைகூட மாறவில்லை.

கடைசித் தடவை அவள் உட்காரவில்லை, என் பக்கத்தில் வந்து நின்றாள். அவள் கட்டைவிரல் விரல்மேல் ஓடிக்கொண்டிருந்தது. ஆரம்பத்திலிருந்தே எண்ணியிருக்கிறாள்.

"இடது கைய வெச்சுத் தட்டு," என்றாள்.

"அக்கா, இதுல அது ஊமை இல்ல. பெரிசா சத்தம் வரும்."

"தட்டுடா."

ஐந்து வாசித்தேன். கடைசிக் கட்டையைத் தட்டினேன். சத்தம் வரவில்லை. அடுத்த ஐந்தும் வந்தது. தட்டினேன். வரவில்லை. அடுத்த ஐந்து. அந்தப் பழைய மேடை மாதிரியே பாட்டு தடங்கல் இல்லாமல் போயிற்று.

அக்கா கண்ணைத் துடைத்துக்கொள்ளவில்லை. துடைக்க ஒன்றும் இல்லை. "இருக்காரு," என்றாள். "கையில எண்ணிக்கினு எங்கியோ இருக்காரு."

எனக்கு நேர்மாறாகத் தோன்றியது. உயிரோடு இருக்கிறவர் எதற்கு ஒரு கம்ப்யூட்டருக்குள் வர வேண்டும்? இதுதான் அவள் கேட்ட சாட்சி என்று எனக்குப் பட்டது. வாய்வரை வந்தது. சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை காலையில் நானும் குடிபாலா போனேன். முற்றத்தில் வைக்கோல் உருவம் தயாராகப் படுத்திருந்தது. அதற்கு மாமா சட்டையையே போட்டிருந்தார்கள். அக்கா பூ வைத்து, பெரிய பொட்டோடு வந்து நின்றாள். நடந்ததைச் சொன்னாள். சுற்றி நின்றவர்களில் சிலர் சிரித்தார்கள். ஏகாம்பரம் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"ஏம்மா, கம்ப்யூட்டர்ல சத்தம் வரலன்னா என் தம்பி உயிரோட கீறான்னு அர்த்தமா?"

"வந்திருந்தா நான் ஒத்துக்கினு இருப்பேன் பெரிய மாமா. வரலியே."

அவர் என்னைப் பார்த்தார். "எத்திராஜு, நீ மிஷின் வேலை தெரிஞ்சவன். நீ சொல்லு."

நான் என்ன நினைத்தேன் என்பது எனக்குத்தான் தெரியும். அக்கா என் பக்கம் திரும்பவே இல்லை.

"எல்லாத்தையும் பாத்துட்டேன் பெரிய மாமா. மிஷின்ல கோளாறு இல்ல," என்றேன். அது பொய் இல்லை.

அக்கா குனிந்து அந்த உருவத்தின் சட்டையைக் கழற்றினாள். உதறி மடித்துக் கையில் வைத்துக்கொண்டாள். "வைக்கோல மாட்டுக்குப் போடுங்க," என்றாள். மாப்பிள்ளை வீட்டுக்கு அவளே போய், சித்தப்பா குவைத்தில் இருக்கிறார், அவருக்குப் பதில் நான் நிற்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்தாள். கல்யாணம் நடந்தது. தாலிக்கு முடிச்சுப் போடும்போது பக்கத்தில் நின்றவள் அவள்தான்.

அதெல்லாம் ஆகி எத்தனையோ வருஷம். மாமா வரவில்லை. எந்தச் செய்தியும் வரவில்லை. அக்கா பொட்டு வைக்காமல் ஒரு நாள் வெளியே வந்ததில்லை. நான் நாலைந்து கம்ப்யூட்டர் மாற்றிவிட்டேன். பாஸ்கர் காரு ரூமை எனக்கே விட்டுவிட்டார். அந்த அறுபத்தொரு சத்தத்தையும் ஒவ்வொரு கம்ப்யூட்டருக்கும் மாற்றிக்கொண்டே வருகிறேன். தனியாக வாசித்தால் எல்லாம் வரும். அக்கா ரூமில் இருந்தால் ஆறாவது வராது. வருஷத்துக்கு ஒன்றிரண்டு தடவை வருவாள், உட்காருவாள், ஒரு பாட்டு வாசிக்கச் சொல்லுவாள், விரலில் எண்ணுவாள், ஊருக்குப் போவாள். அதைப் பற்றி நாங்கள் பேசுவதில்லை.

போன மாதம் கண் ஆஸ்பத்திரிக்கு வந்தவள், மத்தியானம் ரூமுக்கு வந்தாள். மருந்து விட்டிருந்ததால் எதுவும் சரியாகத் தெரியவில்லை என்றாள். அதே மூலையில் உட்கார்ந்து, "வாசிடா," என்றாள்.

வாசித்தேன். ஐந்து வந்தது.

ஆறாவதும் வந்தது.

அவள் கட்டைவிரல் அப்படியே நின்றது. நான் கீபோர்டைவிட்டுக் கையை எடுத்துவிட்டேன். ஒரே ஒரு சாட்சி காட்டுங்கள் என்று அவள் சொன்னது எனக்கு ஞாபகம் வந்தது. அவளுக்கும் வந்திருக்கும்.

"தப்பா எண்ணிட்டடா," என்றாள். குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை. "மறுபடியும் வாசி."

நான் தப்பாக எண்ணவில்லை. எண்ணியதும் அவள்தான், நான் இல்லை. ஆனாலும், "ஆமாக்கா," என்றேன். திரும்ப ஆரம்பித்தேன். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து. ஆறாவதற்கு விரலைக் கட்டைக்கு மேலே கொண்டுபோய் அந்தரத்தில் நிறுத்திக்கொண்டேன். அமுக்கவில்லை. அவளுக்குத் தெரிய வழியில்லை.

சத்தம் வரவில்லை.

"ஆங். பாத்தியா?" என்றாள் அக்கா.

அந்த நிமிஷம் இடப்பக்கக் கடைசிக் கட்டையில் டக் என்று ஒரு சத்தம் கேட்டது. ஸ்பீக்கரில் இல்லை, கட்டையிலேயே. விரல் படுகிற சத்தம் இல்லை. மோதிரம் படுகிற சத்தம். அக்கா முகத்தை அந்தப் பக்கம் திருப்பினாள்.

"இப்பதான் சரியா தட்டினடா," என்றாள்.

என் வலது கை அந்தரத்தில் இருந்தது. இடது கை என் மடியில் இருந்தது.